தோப்பூர் எய்ம்ஸ் வேலையில் உள்ளூர்க்காரருக்கு முன்னுரிமை: மனு எழுதுகிறோம், கருத்துச் சொல்லுங்கள்

தனக்கன்குளத்தான் (இழை தொடங்கியவர்)

எல்லோருக்கும் வணக்கம். தோப்பூரில் எய்ம்ஸ் கட்டடம் ஒருவழியாக எழும்பிக்கொண்டிருக்கிறது. 2019 ஜனவரியில் அடிக்கல் நாட்டினார்கள், 2024இல்தான் வேலையே தொடங்கியது, நடுவில் ஒற்றைச் செங்கலைக் காட்டி ஒரு தேர்தல் பிரச்சாரமே நடந்து முடிந்தது. அதை விடுங்கள். இப்போது பேச வேண்டியது வேலையைப் பற்றி.

மருத்துவமனை முழுதாக இயங்கும்போது செவிலியர், லேப் டெக்னீசியன், அலுவலக உதவியாளர், செக்யூரிட்டி, சமையல், துப்புரவு என்று ஏகப்பட்ட ஆள் தேவைப்படும். நிலம் நம் மாநில அரசு கொடுத்தது. தூசியும் லாரிச் சத்தமும் எங்களுக்கு. ஆனால் கட்டுமான வேலையிலேயே கண்ணில் படுகிறவர்கள் பெரும்பாலும் வெளிமாநில ஆட்கள். நாளைக்கு உள்ளே வேலைக்கும் இதே கதையா?

தோப்பூர், தனக்கன்குளம், திருநகர், ஆஸ்டின்பட்டி ஆட்கள் சேர்ந்து மாவட்ட ஆட்சியருக்கு ஒரு மனு எழுதுகிறோம். கேட்பது மூன்று. கடைநிலைப் பணியிடங்களில் முக்கால் பங்கு மதுரை மாவட்டத்துக்காரருக்கு. ஒப்பந்த வேலை முழுக்க உள்ளூருக்கு. வாரிய வீடு, ரேஷன், காப்பீடு போன்றவற்றில் முதலில் குடிமக்களுக்கு, அதிலும் உள்ளூர்க் குடிமக்களுக்கு. திட்டாமல் கருத்துச் சொல்லுங்கள்.

பொன்மேனி பாய்ஸ்

அண்ணே, முக்கால் பங்கு எதற்கு? முழுசாகக் கேளுங்கள். காளவாசலில் டீக்கடைக்குப் போனால் இந்தி, பரோட்டாக் கடைக்குப் போனால் இந்தி, முடி வெட்டப் போனால் இந்தி. என்கூடப் படித்தவன் டிப்ளமோ முடித்துவிட்டு உணவு டெலிவரி ஓட்டுகிறான். இது நம் ஊர், வேலை நமக்குத்தான் முதலில். இதைச் சொன்னால் இனவெறி என்பார்கள். சொல்லட்டும்.

கருப்புக்கோட்டு

உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் வழக்காடுகிறவன் என்ற முறையில் சொல்கிறேன், மனுவின் முதல் கோரிக்கை ஆட்சியர் மேசையைத் தாண்டாது.

அரசமைப்புச் சட்டம் 16(2): அரசு வேலையில் பிறந்த இடம், வசிப்பிடம் காரணமாக எந்தக் குடிமகனையும் ஒதுக்கக் கூடாது. 16(3) ஒரு சின்னக் கதவைத் திறந்து வைத்திருக்கிறது. வசிப்பிட நிபந்தனை வேண்டுமானால் நாடாளுமன்றம் சட்டம் போடலாம். கவனியுங்கள், நாடாளுமன்றம் மட்டும். சட்டமன்றமே போட முடியாததை ஆட்சியர் எப்படிப் போடுவார்? ராஜஸ்தானில் ஆசிரியர் தேர்வில் மாவட்டத்துக்காரர்களுக்குக் கூடுதல் மதிப்பெண் கொடுத்ததை 2002இல் உச்ச நீதிமன்றம் செல்லாது என்றது.

தனியார் வேலை என்றால்? ஹரியானா 30,000 ரூபாய்க்குக் கீழ் சம்பளமுள்ள வேலைகளில் 75 விழுக்காட்டை உள்ளூருக்கு ஒதுக்கியது. 2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தது, 2023 நவம்பரில் பஞ்சாப் ஹரியானா உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. ஆந்திரா 2019இல் இதேபோல் ஒன்று போட்டது. கர்நாடகா 2024 ஜூலையில் மசோதா கொண்டுவந்து, ஐ.டி. கம்பெனிகள் சத்தம் போட்டதும் சில நாளில் கிடப்பில் போட்டது. நம் ஊரிலும் தி.மு.க.வின் 2021 தேர்தல் அறிக்கையில் 75 விழுக்காடு இருந்தது. சட்டமாக வரவில்லை.

எய்ம்ஸ் மத்திய அரசு நிறுவனம் வேறு. செவிலியர் தேர்வு நார்செட், அகில இந்தியப் போட்டி. அதில் 80 விழுக்காடு பெண்களுக்கு என்று உண்டு. மதுரைப் பெண்களுக்கு என்று கிடையாது.

தனக்கன்குளத்தான்

சார், அப்படியானால் டி.என்.பி.எஸ்.சி.யில் மட்டும் எப்படி நம் ஆட்கள் வருகிறார்கள்? அங்கே ஏதோ வழி வைத்திருக்கிறார்கள் அல்லவா?

கருப்புக்கோட்டு

வழி இருக்கிறது, அது ஊர் பார்த்து அல்ல, மொழி பார்த்து. 2021 டிசம்பரில் வந்த அரசாணைப்படி தமிழ்த் தாளில் 40 விழுக்காடு எடுக்காவிட்டால் மற்ற தாளைத் திருத்தவே மாட்டார்கள். 2023 ஜனவரியில் அதைச் சட்டத்திலும் சேர்த்தார்கள். தமிழ்வழியில் படித்தவர்களுக்கு 20 விழுக்காடு என்பது 2010ஆம் வருஷச் சட்டம். பாட்னாவில் பிறந்தவன் தமிழ் படித்துத் தேர்ச்சி பெற்றால் தாராளமாக வரலாம். வேலைக்குத் தேவையான தகுதியைக் கேட்கலாம், பிறந்த ஊரைக் கேட்கக் கூடாது. கோடு அங்கேதான் இருக்கிறது.

பொன்மேனி பாய்ஸ்

தமிழ்த் தேர்வா? 2017இல் தபால் துறைத் தேர்வில் ஹரியானாக்காரர்கள் தமிழில் நம் பிள்ளைகளை விட அதிக மார்க் வாங்கினார்களே, மறந்துவிட்டீர்களா? வணக்கம் சொல்லத் தெரியாதவன் இலக்கணத்தில் 25க்கு 24. அகத்தியரே வந்து எழுதினாலும் அவ்வளவு வராது.

கருப்புக்கோட்டு

அது மோசடி, மோசடியாகவே பிடிபட்டது. தேர்வை ஒழுங்காக நடத்து என்று கேளுங்கள், நானும் கூட வருகிறேன்.

சைட் எஞ்சினியர்

எல்லோரும் சட்டம் பேசுகிறீர்கள். நான் சிமெண்ட் பக்கத்திலிருந்து பேசுகிறேன். திருமங்கலம் பக்கம் வீடு, குடோன் கட்டிக் கொடுக்கிறேன். என்னிடம் கம்பி கட்டுவது, சென்ட்ரிங், டைல்ஸ் மூன்றும் வெளிமாநில ஆட்கள்தான். கொத்தனார் மட்டும் இன்னும் நம் ஆள்.

ஏன் என்று கேட்டால் சம்பளம் குறைவு என்று நினைப்பீர்கள். டைல்ஸ் வேலையில் அப்படிப் பெரிய வித்தியாசம் இல்லை. அவன் சைட்டிலேயே தகரக் கொட்டகையில் தங்குகிறான். காலை ஏழுக்கு ஆரம்பித்து இருட்டினாலும் லைட் போட்டு முடிக்கிறான். நம் மேஸ்திரிக்குச் சித்திரையில் அழகர், வைகாசியில் குலதெய்வம், நடுவில் கல்யாணம், காதுகுத்து, வீட்டுக்கு ஒரு துக்கம். நான் குறை சொல்லவில்லை, நானும் போகிறவன்தான். ஆனால் ஸ்லாப் போடும் அன்று ஆள் வரவில்லை என்றால் ரெடிமிக்ஸ் வண்டி காத்திருக்காது.

இன்னொன்று, நம் பையன்களைக் கூப்பிட்டுப் பாருங்கள். கம்பி கட்டக் கற்றுத் தருகிறேன் என்றேன். நாலு பேர் வந்தார்கள், மறுநாள் ஒருவர் கூட இல்லை. மத்தியானம் பன்னிரண்டு மணி வெயிலில் கம்பியைக் கையால் தொட்டுப் பாருங்கள், அவர்களைத் திட்ட மனம் வராது.

செல்லூர் நைட் ஷிப்ட்

எஞ்சினியர் சார், பாதி உண்மையைச் சொன்னீர்கள். மீதியை நான் சொல்கிறேன்.

எங்கம்மா இருபது வருஷத்துக்கு மேல் சித்தாள். வெளி ஆட்கள் வந்த பிறகு ஒரு பெரிய சைட்டில் சித்தாள் கூலியை ஏற்றவே இல்லை. கேட்டால் "நீ போ, நாளைக்கு ஒடிசாவிலிருந்து இருபது பேர் இறங்குகிறார்கள்" என்பார்கள். அந்த இருபது பேருக்கும் ஊரிலேயே ஏஜெண்ட் அட்வான்ஸ் கொடுத்திருப்பான். கடன் கழியும் வரை அவன் வாயைத் திறக்க முடியாது. தகரக் கொட்டகையில் தங்குவது அவன் ஆசைப்பட்டு அல்ல. பி.எஃப்., இ.எஸ்.ஐ. யாருக்காவது பிடிக்கிறீர்களா? வெளிமாநிலத் தொழிலாளர் சட்டம் 1979லேயே வந்தது, 2025 நவம்பரில்தான் அதை எடுத்துவிட்டுப் புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்பைக் கொண்டுவந்தார்கள். அத்தனை வருஷமும் அது சொன்னது: உரிமம் வாங்கு, பதிவேடு வை, உள்ளூர் ஆளுக்குக் குறையாத கூலி கொடு, தங்க இடம் கொடு, ஊருக்குப் போகவரப் படி கொடு. எந்த சைட்டில் அந்தப் பதிவேட்டைப் பார்த்திருக்கிறீர்கள்?

அவனுக்குக் கொடுக்க வேண்டியதைக் கொடுத்தால் அவனும் நானும் ஒரே விலை. அப்புறம் எனக்கு முன்னுரிமை தனியாக வேண்டாம், பக்கத்துத் தெருவில் இருப்பதே போதும். அவன் மலிவாக இருப்பதால்தான் நான் வெளியே நிற்கிறேன்.

சைட் எஞ்சினியர்

தம்பி, சதுர அடிக்கு இவ்வளவு என்று பேரம் பேசி வீடு கட்டுகிறவர்களிடம் இதைச் சொல்லுங்கள். பி.எஃப். சேர்த்து கொட்டேஷன் போட்டால் ஒருத்தரும் திரும்ப போன் எடுப்பதில்லை.

மேலூர்_சிங்கை

சிங்கப்பூரில் எஸ் பாஸில், அதாவது நடுத்தர வேலைக்கான அனுமதியில், இருக்கிறேன். இங்கே குடிமகனுக்கு முன்னுரிமை என்பது கூச்சப்படாமல், சட்டமாகவே எழுதி வைத்திருக்கும் விஷயம்.

வேலை: எஸ் பாஸ் ஆட்களுக்குக் கம்பெனி வாரியாக உச்சவரம்பு. சேவைத் துறையில் மொத்த ஆட்களில் 10 விழுக்காட்டுக்கு மேல் வைக்க முடியாது. அதோடு தலைக்கு மாதாமாதம் லெவி என்று அரசாங்கத்துக்குக் கட்டணம். பெரிய வேலைக்கான எம்ப்ளாய்மெண்ட் பாஸ் என்றால் முதலில் 14 நாள் அரசாங்கத் தளத்தில் விளம்பரம் செய்ய வேண்டும், 2023 செப்டம்பரிலிருந்து காம்பஸ் என்று மதிப்பெண் முறை வேறு. வீடு: எச்.டி.பி. என்ற அரசாங்க அடுக்குமாடியில் புது வீடு வாங்கக் குடும்பத்தில் ஒருவராவது குடிமகனாக இருக்க வேண்டும். பி.ஆர். (நிரந்தரவாசி) தம்பதி என்றால் மூன்று வருஷம் காத்திருந்து பழைய வீடுதான். எங்களைப் போன்றவர்களுக்கு வாடகை அறை, வொர்க் பர்மிட் தம்பிகளுக்கு டார்மிட்டரி. ஆஸ்பத்திரியில் குடிமகனுக்குத் தாராள மானியம், எனக்கு முழு பில்.

இதில் எனக்குக் கோபமில்லை. என்ன விதி என்று தெரிந்துதான் விமானம் ஏறினேன். ஆனால் ஒன்று, லெவியை முதலாளி கட்ட வேண்டும் என்று சட்டம் சொன்னாலும் நம்மை எடுக்கும்போது சம்பளத்தைப் பேசுவதே லெவியைக் கழித்துத்தான். அந்தப் பணம் எனக்கும் வராது, என்னால் வேலை போனதாக நினைக்கும் சிங்கப்பூர்க்காரனுக்கும் நேராகப் போகாது. செல்லூர் தம்பி சொன்னதைத்தான் இவர்கள் வேறு விதமாகச் செய்கிறார்கள்: வெளி ஆளை மலிவாக விடாதே. வித்தியாசம், இங்கே அந்த விலையேற்றம் கஜானாவுக்குப் போகிறது. தம்பி அதைக் கூலியாகக் கேட்கிறார்.

உசிலை_ரியாத்

மேலூர்ப் பங்காளி, உங்கள் விதி ஒரு தடவை போட்டால் நிற்கும். இங்கே வருஷா வருஷம் மாறும். 2011இல் நிதாகத் கொண்டுவந்தார்கள். சவுதி ஆட்கள் எத்தனை பேர் என்பதை வைத்துக் கம்பெனிக்குச் சிவப்பு, மஞ்சள், பச்சை என்று நிறம். சிவப்பில் விழுந்தால் இகாமா, அதாவது தங்கும் அனுமதி, புதுப்பிக்க முடியாது. 2016இல் மொபைல் கடை முழுக்க சவுதிக்காரருக்கு மட்டும் என்றார்கள். ரிப்பேர் பார்த்துக்கொண்டிருந்த நம் ஊர்ப் பையன்கள் எத்தனை பேர் பெட்டியைக் கட்டினார்கள் தெரியுமா? 2017இல் குடும்பத்தோடு இருப்பவர்களுக்குத் தலைக்கு மாதம் 100 ரியால் என்று ஆரம்பித்து, மூன்று வருஷத்தில் 400 ஆக்கினார்கள். நான் மனைவி பிள்ளைகளை உசிலம்பட்டிக்கு அனுப்பியது அப்போதுதான்.

இதையெல்லாம் அனுபவித்துவிட்டு ஊருக்கு வந்து பீகார்க்காரனைப் பார்த்து அதே வசனத்தைப் பேச எனக்கு நாக்கு எழவில்லை.

பொன்மேனி பாய்ஸ்

ரியாத் அண்ணே, அதைத்தான் நானும் சொல்கிறேன். அவன் நாட்டில் அவனுக்கு முன்னுரிமை, நம் ஊரில் நமக்கு. இதில் என்ன தப்பு?

கருப்புக்கோட்டு

தப்பு கணக்கில் இருக்கிறது தம்பி. ரியாத்தில் அவர் வெளிநாட்டவர். மதுரையில் பீகார்க்காரர் வெளிநாட்டவர் அல்ல, உங்களைப் போலவே குடிமகன். எங்கும் போகலாம், எங்கும் குடியிருக்கலாம், எந்தத் தொழிலும் செய்யலாம் என்று 19ஆவது பிரிவு சொல்வது குடிமக்களுக்கு மட்டும்தான், அதில் அவரும் அடக்கம். "குடிமகனுக்கே முதலிடம்" என்று மனுவில் எழுதினால் முதலில் பலன் பெறுகிறவர்களில் அவரும் ஒருவர்.

தெற்கு மாசி நெசவு

வேலை முடிந்து இப்போதுதான் இழையைப் பார்த்தேன். நாங்கள் சௌராஷ்டிரர்கள். குஜராத்திலிருந்து கிளம்பி, விஜயநகரம் வழியாக நாயக்கர் காலத்தில் இங்கே வந்து பட்டு நெய்ய உட்கார்ந்தவர்கள் என்பது வரலாறு. வீட்டில் இன்றைக்கும் வேறு மொழிதான். மனு நிறைவேறினால் என் ரேஷன் கார்டு செல்லுமா, அல்லது சூரத் பக்கம் போய் வரிசையில் நிற்க வேண்டுமா என்று யாராவது சொல்லுங்கள்.

கொசுறு: எய்ம்ஸ் செலவு 1,977 கோடி ரூபாயில் பெரும்பங்கு ஜப்பான் ஜைக்கா கடன். கடன் கொடுத்தவனுக்கு முன்னுரிமை என்று டோக்கியோவில் யாராவது மனு எழுதுகிறார்களா, விசாரித்து வையுங்கள்.

பொன்மேனி பாய்ஸ்

ஹா ஹா, நீங்களெல்லாம் நம் ஆள்தான் அண்ணே. உங்கள் தெருவில்தானே எங்களுக்குப் பொங்கலுக்குத் துணி எடுப்பார்கள்.

நெறியாளர்

2023 மார்ச்சில் வடமாநிலத் தொழிலாளரை அடிப்பதாகப் பொய் வீடியோக்கள் பரவி, பீகாரிலிருந்து அதிகாரிகள் குழு வந்து பார்த்தது, அவற்றைப் பரப்பிய யூடியூபர் ஒருவர் மதுரைச் சிறை வரை வந்தது எல்லோருக்கும் நினைவிருக்கும். அந்த வகை வீடியோ ஒன்றை ஒருவர் இங்கே போட்டார், நீக்கிவிட்டேன். தொடருங்கள்.

தனக்கன்குளத்தான்

முதல் கோரிக்கையை விட்டுவிடுகிறேன், சார் சொன்ன சட்டத்தைத் தாண்ட முடியாது. மூன்றாவது நிற்கும் அல்லவா? வீடு, ரேஷன், காப்பீடு. இதெல்லாம் நம் வரிப்பணம்.

செல்லூர் நைட் ஷிப்ட்

அண்ணே, அவர்களும் சோப்பு வாங்கினால் ஜி.எஸ்.டி. கட்டுகிறார்கள். ரேஷன் விஷயம் எனக்குக் கொஞ்சம் தெரியும், சித்தப்பா கடையில் எடை போடுகிறார். ஒரே நாடு ஒரே ரேஷன் திட்டம் இங்கே 2020 அக்டோபரில் வந்தது. அவன் ஊர் அட்டைக்கு மத்திய அரசு தரும் அரிசி, கோதுமைதான் இங்கே கிடைக்கும். நம் பருப்பு, பாமாயில், பொங்கல் பரிசு எதுவும் அவனுக்குப் போவதில்லை. முதலமைச்சர் காப்பீட்டில் மட்டும் ஆறு மாதத்துக்கு மேல் இங்கே இருந்தால், தொழிலாளர் துறைச் சான்றோடு சேரலாம். பெரிய ஆஸ்பத்திரி அவசரப் பிரிவில் எவனிடமும் ஊர் கேட்பதில்லை, கேட்கவும் கூடாது.

வீடு? ராஜாக்கூர் வாரியக் குடியிருப்பைப் பார்த்திருக்கிறீர்களா? அங்கே பிரச்சினை வெளி ஆள் புகுந்தது அல்ல. ஊருக்குள் வீட்டு வேலை, கடை வேலை பார்க்கிற பெண்ணை ஒத்தக்கடை தாண்டிக் கொண்டுபோய் வைத்தால் பஸ்ஸுக்கே பாதி நாள் போய்விடும். அதை மனுவில் எழுதுங்கள், நான் கையெழுத்துப் போடுகிறேன்.

ஆனையூர்

நான் இங்கே எழுதலாமா என்று தெரியவில்லை. தனக்கன்குளம் அண்ணா எழுதிய மூன்றாவது கோரிக்கையைப் பார்த்ததால் எழுதுகிறேன்.

ஆனையூர் இலங்கைத் தமிழர் முகாமில் இருக்கிறேன். இப்போது மறுவாழ்வு முகாம் என்று பெயர் மாற்றியிருக்கிறார்கள். இங்கேதான் பிறந்தேன், மாநகராட்சிப் பள்ளியில் தமிழ்வழியில் படித்தேன், டிப்ளமோ நர்சிங் முடித்து ஒரு தனியார் மருத்துவமனையில் நைட் டியூட்டி பார்க்கிறேன். ஆதார் இருக்கிறது. ஓட்டு இல்லை, பாஸ்போர்ட் இல்லை. எய்ம்ஸ் நர்ஸ் வேலைக்கு என் கூடப் படித்தவர்கள் விண்ணப்பிக்கிறார்கள். நான் "இந்தியக் குடிமகன்" என்ற கட்டத்தில் நிற்கிறேன்.

அப்பாவுக்குப் பெயிண்டிங் வேலை. முகாமில் பெரும்பாலும் அதுதான், வேறு வேலைக்கு யாரும் எளிதில் எடுக்க மாட்டார்கள். இப்போது பெயிண்டிங்குக்கும் வடமாநில ஆட்கள் வருகிறார்கள். சட்டப்படி அவர்களுக்கு முன்னுரிமையா, அப்பாவுக்கா? முகாமில் ஆள் கணக்கெடுப்பு நாளில் எல்லோரும் வரிசையில் நிற்க வேண்டும், அன்றைக்கு அப்பாவின் கூலி போய்விடும்.

அரசு எங்களுக்கு ஒன்றும் செய்யவில்லை என்று சொல்ல மாட்டேன். 2021இல் உதவித்தொகையை ஏற்றினார்கள், குடும்பத் தலைவருக்கு 1,500, மற்றப் பெரியவர்களுக்கு 1,000. பொங்கல் பரிசு அறிவிக்கும்போது முகாம் குடும்பங்களையும் சேர்த்துத்தான் சொல்வார்கள். காப்பீடும் உண்டு. குடிமக்களுக்கு மட்டும் என்று மனு கொடுத்தால் அதெல்லாம் போய்விடுமோ என்றுதான் கேட்கிறேன்.

பொன்மேனி பாய்ஸ்

அக்கா, உங்களைச் சொல்லவில்லை. நீங்கள் தமிழ்தானே. உங்களுக்கு இல்லாமல் யாருக்கு?

தெற்கு மாசி நெசவு

தம்பி, இப்போது மாட்டிக்கொண்டாயா? குடிமகன் என்றால் பீகார்க்காரன் உள்ளே, அக்கா வெளியே. தமிழ் என்றால் அக்கா உள்ளே, நான் வாசலில். ஊர் என்றால் மேலூர்க்காரர் சிங்கப்பூரிலிருந்து வந்து நிற்பார். மனுவில் எதை எழுதுவதாக உத்தேசம்?

ஓய்வு வாத்தியார்

வரலாறு எடுத்தவன், கொஞ்சம் நீளமாகப் பேசினால் மன்னியுங்கள்.

குடிமக்களுக்கு முதலிடம் என்று கோடு கிழித்து, கோட்டுக்கு வெளியே தமிழர்களைத் தள்ளிய கதை நமக்குப் புதிதல்ல. 1948இல் இலங்கை ஒரு குடியுரிமைச் சட்டம் போட்டது. தலைமுறை தலைமுறையாகத் தேயிலை பறித்த மலையகத் தமிழர்கள் ஒரே சட்டத்தில் நாடற்றவர்கள் ஆனார்கள். அவர்களின் முன்னோர் எங்கிருந்து போனவர்கள்? மதுரை, ராமநாதபுரம், திருச்சி, புதுக்கோட்டைப் பக்கம்தான். 1964இல் சிறிமாவோவும் சாஸ்திரியும் உட்கார்ந்து ஆட்களைப் பங்கு போட்டார்கள். 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு. மீதி ஒன்றரை லட்சத்தை 1974இல் இந்திரா காலத்தில் பாதிப் பாதியாகப் பிரித்தார்கள். அந்த மக்களில் யாரையும் கேட்கவில்லை.

அதே அறுபதுகளில் பர்மாவில் நே வின் ஆட்சி கடைகளையும் தொழில்களையும் தேசியமயமாக்கியது, நம்மவர்கள் கட்டிய துணியோடு கப்பல் ஏறினார்கள். மலேசியாவில் 1969க்குப் பிறகு குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை அனுமதி கட்டாயம் என்றானதும் தோட்டத்திலேயே பிறந்தவர்கள் ஆயிரக்கணக்கில் நாகப்பட்டினத்துக்கும் சென்னைக்கும் வந்து இறங்கினார்கள்.

முன்னுரிமையே கூடாது என்று நான் சொல்லவில்லை. ஒரு அரசாங்கம் தன் மக்களுக்கு முதலில் செய்யாமல் யாருக்குச் செய்யும்? ஆனால் யார் தன் மக்கள் என்ற பட்டியலை எழுதும் கை எப்போதும் பெரும்பான்மையின் கைதான். 2019 குடியுரிமைத் திருத்தத்திலேயே பாருங்கள், பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் இருக்கிறது. இலங்கை இல்லை.

ஆனையூர் மகளே, உங்கள் குடும்பம் யாழ்ப்பாணப் பக்கமா, மலையகமா?

ஆனையூர்

மலையகம்தான் ஐயா. தாத்தா தோட்டத்தில் இருந்தவர். 1977 கலவரத்துக்குப் பிறகு வவுனியா போனார்கள், 1984இல் அங்கிருந்து மண்டபம். தாத்தாவின் அப்பா மேலூர்ப் பக்கம் என்று சொல்வார்கள், ஊர்ப் பெயர் யாருக்கும் சரியாகத் தெரியாது.

மேலூர்_சிங்கை

எந்தக் கோயிலுக்கு நேர்ந்துகொள்வார்கள் என்று பாட்டியைக் கேளுங்கள் தங்கச்சி. சாமி பெயர் தெரிந்தால் ஊரைக் கண்டுபிடித்துவிடலாம். நான் விடுமுறைக்கு வரும்போது விசாரிக்கிறேன்.

கருப்புக்கோட்டு

ஆனையூர், ஒரு கேள்வி. நீங்கள் பிறந்த தேதி வேண்டாம், மாதமும் வருஷமும் சொல்லுங்கள். அம்மா எப்போது, எங்கே பிறந்தார்?

ஆனையூர்

நான் 2004 அக்டோபர். அம்மா 1985 சித்திரை, மண்டபம் முகாமில். அப்பா மன்னாரில் பிறந்தவர், 1990இல் படகில் வந்தார்.

கருப்புக்கோட்டு

இதை நிதானமாகப் படியுங்கள், வீட்டிலும் படித்துக் காட்டுங்கள்.

1950 ஜனவரி 26 முதல் 1987 ஜூலை 1க்கு முன்பு வரை இந்திய மண்ணில் பிறந்தவர், அப்பா அம்மா எந்த நாடாக இருந்தாலும், பிறப்பால் இந்தியக் குடிமகன். தூதரக அதிகாரியின் பிள்ளை போன்ற ஓரிரு விலக்குகள் உண்டு, முகாம் அதில் வராது. 1986இல் மண்டபம் முகாமில் பிறந்த ஒரு பெண்ணுக்கு பாஸ்போர்ட் கொடுக்கச் சொல்லி 2022இல் நம் மதுரைக் கிளையே உத்தரவிட்டிருக்கிறது. அவர் 2024 தேர்தலில் ஓட்டும் போட்டார். உங்கள் அம்மா அதே நிலையில் இருக்கிறார்.

அடுத்து நீங்கள். 1987 ஜூலை 1 முதல் 2004 டிசம்பர் 3க்கு முன்பு வரை பிறந்தவர் என்றால், பெற்றோரில் ஒருவர் குடிமகனாக இருந்தால் போதும். அம்மா குடிமகள். நீங்கள் 2004 அக்டோபர். சட்டத்தைப் படிக்கிறபடி படித்தால் நீங்களும் பிறந்த நாளிலிருந்தே குடிமகள். குடியுரிமை கொடு என்று கேட்க வேண்டியதில்லை, இருப்பதை ஒப்புக்கொள் என்றுதான் கேட்க வேண்டும்.

கவுண்டரில் இதை எளிதில் ஏற்க மாட்டார்கள். முகாம் அட்டையைப் பார்த்ததுமே இலங்கை என்று எழுதிவிடுவார்கள். அதற்குத்தான் நீதிமன்றம். அம்மாவின் பிறப்புச் சான்று இருக்கிறதா?

ஆனையூர்

சார், கை நடுங்குகிறது. அம்மாவுக்குச் சான்று இல்லை. முகாம் பதிவு அட்டையில் பெயர் இருக்கிறது. தம்பி 2006இல் பிறந்தவன், அவனுக்கும் இப்படியேவா?

கருப்புக்கோட்டு

தம்பிக்கு அப்படி இல்லை, மறைக்காமல் சொல்கிறேன். 2004 டிசம்பர் 3க்குப் பிறகு பிறந்தவருக்குப் பெற்றோர் இருவரும் குடிமக்களாக இருக்க வேண்டும். ஒருவர் மட்டும் குடிமகன் என்றால் மற்றவர் சட்டவிரோதக் குடியேறியாக இருக்கக் கூடாது. அப்பா ஆவணம் இல்லாமல் படகில் வந்தவர். அந்தச் சொல்லை அகதி மேல் ஒட்டலாமா என்பதே வழக்காட வேண்டிய விஷயம். 2015 ஜனவரி 9க்கு முன் வந்து பதிவு செய்த இலங்கைத் தமிழர்களுக்கு 2025 செப்டம்பரில் ஒரு விலக்கு ஆணை வந்திருக்கிறது. அது பாஸ்போர்ட், விசா இல்லாததற்கான தண்டனையிலிருந்து விலக்கு. குடியுரிமை தருகிற ஆணை அல்ல. ஆனால் தம்பி வழக்கில் அதைக் கையில் எடுக்கலாம்.

பொன்மேனி பாய்ஸ்

ஒரே வீடு, ஒரே அப்பா அம்மா, அக்கா இந்தியா, தம்பி இலங்கையா? தம்பி இலங்கையைப் பார்த்தே இருக்க மாட்டான்.

செல்லூர் நைட் ஷிப்ட்

மாப்ள, முதல் பதிவில் "முழுசாகக் கேளுங்கள்" என்றாயே, அதை யார் பெயரில் கேட்பது என்று இப்போது சொல்.

பொன்மேனி பாய்ஸ்

கிண்டல் பண்ணாதே. வேலை இல்லை என்று நான் சொன்னது பொய்யா? கூடப் படித்தவன் இன்னும் டெலிவரிதான் ஓட்டுகிறான். அதற்கு யாரும் பதில் சொல்லவில்லை.

ஓய்வு வாத்தியார்

அவர் கேட்பது நியாயம். மதுரையில் படித்தவனுக்கு மதுரையில் வேலை இல்லை, அதனால்தான் சென்னை, கோவை, ரியாத். கப்பலூர் சிட்கோவைத் தாண்டி இந்தப் பக்கம் பெரிய தொழில் என்ன வந்தது? பீகார்க்காரர் எடுத்துக்கொண்டதாக நாம் நினைக்கும் வேலையில் பாதி, டிப்ளமோ படித்தவர் கேட்கும் வேலையே அல்ல. அவருக்கு வேண்டியது கம்பி கட்டும் வேலையிலிருந்து ஒரு பீகார்க்காரரை இறக்குவது அல்ல, வராத தொழிற்சாலை.

தனக்கன்குளத்தான்

எல்லாவற்றையும் படித்தேன். மனுவை மாற்றி எழுதியிருக்கிறேன், சுருக்கம் இது.

ஒப்பந்த வேலைக்கு ஆள் எடுக்கும்போது காலியிடம், கூலி, பி.எஃப். விவரத்தைச் சுற்றுக் கிராம ஊராட்சிப் பலகைகளில் தமிழில் ஒட்ட வேண்டும், ஏஜெண்ட் மூலம் மட்டும் எடுக்கக் கூடாது. எந்த ஊர் ஆளாக இருந்தாலும் அறிவித்த கூலிக்குக் குறையக் கூடாது, வெளிமாநிலத் தொழிலாளர் பதிவேட்டை யாரும் பார்க்கும்படி வைக்க வேண்டும். நோயாளியோடு பேசும் இடங்களில் தமிழ் தெரிந்தவர் எல்லா ஷிப்டிலும் இருக்க வேண்டும். எய்ம்ஸ் தேர்வுகளுக்கு மதுரையில் மையமும், கடைநிலைத் தேர்வுகளுக்குத் தமிழில் வினாத்தாளும் வேண்டும், மத்தியப் பணியாளர் தேர்வாணையமான எஸ்.எஸ்.சி. சில தேர்வுகளை 2023லிருந்து 13 மாநில மொழிகளில் நடத்துகிறதே, இங்கே ஏன் முடியாது? திருமங்கலம், திருப்பரங்குன்றம் ஐ.டி.ஐ., நர்சிங் மாணவர்களுக்குப் பயிற்சி இடம் ஒதுக்க வேண்டும். மூன்றாவது கோரிக்கையை எடுத்துவிட்டேன், ராஜாக்கூர் பஸ்ஸுக்குத் தனி மனு.

சைட் எஞ்சினியர்

பதிவேட்டை யாரும் பார்க்கலாம் என்பது நடைமுறைக்கு ஒத்து வராது. நாளைக்கு ஆளாளுக்குச் சைட்டுக்குள் வந்து கேள்வி கேட்பார்கள்.

செல்லூர் நைட் ஷிப்ட்

அதற்குத்தான் சார் எழுதியிருக்கிறது.

சைட் எஞ்சினியர்

தொழிலாளர் துறை ஆய்வாளர் பார்க்கலாம் என்று போடுங்கள், எனக்கு ஆட்சேபம் இல்லை.

தனக்கன்குளத்தான்

ஆய்வாளரும், அங்கே வேலை பார்க்கிற தொழிலாளியும் பார்க்கலாம் என்று போட்டுவிடுகிறேன். அதற்குக் கீழே இறங்க மாட்டேன்.

கருப்புக்கோட்டு

இந்த மனுவை ஆட்சியர் தூக்கிப்போட முடியாது. எய்ம்ஸ் நிர்வாக இயக்குநருக்கும் ஒரு பிரதி அனுப்புங்கள்.

ஆனையூர், அம்மாவின் பிரசவம் எங்கே நடந்தது என்று பாட்டியிடம் கேளுங்கள். மண்டபம் ஆரம்ப சுகாதார நிலையமா, ராமநாதபுரம் அரசு மருத்துவமனையா, முகாமுக்குள்ளேயேவா. எங்கே நடந்ததோ அந்த ஊர்ப் பதிவேட்டில் முதலில் தேட வேண்டும். இல்லாவிட்டால் தாமதப் பதிவுக்குக் கோட்டாட்சியரிடம் போகலாம். முகாம் அட்டையின் பழைய நகல், அம்மாவின் பள்ளிச் சான்று, தடுப்பூசி அட்டை எது கிடைத்தாலும் எடுத்து வையுங்கள். உங்கள் பிறப்புச் சான்றில் அம்மாவின் பெயரும் முகாம் அட்டையில் உள்ள பெயரும் எழுத்துக்கு எழுத்து ஒன்றா என்று பாருங்கள், இந்த மாதிரி வழக்குகள் பெரும்பாலும் இனிஷியலில்தான் விழுகின்றன. தம்பியின் சான்றுகளையும் சேர்த்தே கொண்டு வாருங்கள்.

ஆனையூர்

சரி சார். எனக்கு இந்த வாரம் முழுக்க நைட். அடுத்த வாரம் வருவாய் ஆய்வாளரிடம் (ஆர்.ஐ.) அனுமதி வாங்கிக்கொண்டு அம்மாவோடு மண்டபம் போகிறேன்.